எலி வரும் என்று முன்கூட்டியே சொன்னார்கள்

நாலு நாளாக ஒரு வாட்ஸ்அப் குழுவில் வாக்குவாதம். பேச்சு எங்கெங்கோ போய், கடைசியில் ஒருவர் "துப்பாக்கி தூக்கினவனோடு அரசாங்கம் உட்கார்ந்து பேசவே கூடாது, பேசினால் நாடு துண்டு துண்டாகிவிடும்" என்று முடித்துவிட்டார். பத்துப் பேர் அதற்குக் கட்டைவிரல் போட்டிருந்தார்கள். அங்கே பதில் எழுத ஆரம்பித்தேன், நீண்டுவிட்டது, அதனால் இங்கே போடுகிறேன். எழுதப்போவது வடகிழக்கில் இருக்கும் மிசோரம் மாநிலம் பற்றி. நம் நாட்டுக்குள்ளேயே நடந்த இவ்வளவு பெரிய விஷயத்தை நாம் யாரும் பள்ளிக்கூடத்தில் படிக்கவில்லை என்பது எனக்கு இன்றைக்கும் ஆதங்கம்தான்.

வேலூரில் என் அத்தை வீட்டு மாடியில் இரண்டு அறைகள் உண்டு. வைத்தியத்துக்காக வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கு வாடகைக்கு விடுவார்கள். சில வருஷங்களுக்கு முன்பு மிசோரத்திலிருந்து ஒரு பெரியவர் மகளோடு வந்து ஒன்றரை மாசம் தங்கியிருந்தார். ஒரு நாள் கோட்டையைச் சுற்றிக் காட்டலாம் என்று கூட்டிப்போனேன். வெயில் தாழ ஆரம்பித்ததும் மகளிடம் ஏதோ கேட்டார், கொஞ்ச நேரத்தில் மறுபடியும் அதையே கேட்டார். "இருட்டுவதற்குள் போய்விடலாமா என்கிறார்" என்றார் அந்தப் பெண். "அப்பா எப்போதும் இப்படித்தான். சின்ன வயசில் அவர் இருந்த இடத்தில் இருட்டினால் கேட்டை மூடிவிடுவார்கள், வெளியே நிற்பவனைச் சுடலாம்." அது சிறையா என்று கேட்டேன். இல்லை, கிராமம் என்றார்.

அந்தக் கிராமம் எப்படி வந்தது என்று பிற்பாடு தேடித் தேடிப் படித்தேன். கதை மூங்கிலில் ஆரம்பிக்கிறது. அந்த மலைகளில் காடு முழுக்க ஒரு வகை மூங்கில், ஏறத்தாழ 48 வருஷத்துக்கு ஒரு முறை மொத்தமாகப் பூத்துக் காய்த்துச் செத்துவிடும். அந்தக் காயைத் தின்று எலிகள் கணக்கில்லாமல் பெருகும். காய் தீர்ந்ததும் அத்தனை எலியும் புனத்தில், அதாவது மலைச்சரிவு வயலில், நிற்கும் நெல்லுக்கு இறங்கும், ஒரே ராத்திரியில் ஒரு குடும்பத்தின் வருஷச் சாப்பாடு காலியாகிவிடும். அந்த மலை மக்களான மிசோக்கள் இதற்கு மௌதாம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள், மூங்கிலின் சாவு என்று அர்த்தம். 1911லும் இது வந்தது, எனவே அடுத்தது எப்போது என்று ஊர்ப் பெரியவர்களுக்குத் தெரிந்திருந்தது. அன்றைக்கு மிசோ மாவட்டம் அசாமுக்குள் இருந்தது. 1958இல் மாவட்ட கவுன்சில் தீர்மானம் போட்டு, பஞ்சம் வரப்போகிறது, 15 லட்சம் ரூபாய் கொடுங்கள் என்று அசாம் அரசிடம் கேட்டது. மலைவாசிகளின் மூடநம்பிக்கை என்று ஒதுக்கிவிட்டார்கள். 1959இல் மூங்கில் பூத்தது.

பசியில் இருந்தவர்களுக்கு அரிசி சுமந்துபோக இளைஞர்கள் ஓர் அமைப்பு வைத்தார்கள், மிசோ தேசியப் பஞ்ச முன்னணி. அதை நடத்தியவர் லால்டெங்கா, ராணுவத்தில் ஹவில்தாராக இருந்து, அப்புறம் மாவட்ட கவுன்சிலில் கிளார்க்காக வேலை பார்த்தவர். 1960இல் அசாமி மொழியை ஆட்சிமொழியாக்கிச் சட்டம் வந்தது, மலை மக்களுக்கு அது மேலும் ஒரு அடி. 1961 அக்டோபரில் அமைப்பின் பெயரில் இருந்த 'பஞ்சம்' என்ற சொல்லை எடுத்துவிட்டார்கள். மிசோ தேசிய முன்னணி என்று ஆனது, கோரிக்கை தனிநாடு என்று ஆனது. அந்த ஒரு சொல் விழுந்த இடத்தில் எத்தனை உயிர் போயிருக்கிறது என்று நினைத்தால் எனக்குத் தாங்கவில்லை.

1966 பிப்ரவரி 28 ராத்திரி அவர்கள் ஆயுதத்தோடு எழுந்தார்கள். கருவூலத்தைப் பிடித்தார்கள், துணை ராணுவப் படையான அசாம் ரைஃபிள்ஸின் முகாம்களைச் சுற்றி வளைத்தார்கள், மறுநாள் சுதந்திரம் என்று அறிவித்தார்கள். மார்ச் 5 அன்று இந்திய விமானப் படையின் போர் விமானங்கள் மாவட்டத் தலைநகரான ஐஸ்வாலின் மேல் பறந்து முதலில் சுட்டன, பிறகு குண்டு போட்டன. ஜனங்கள் வீட்டை விட்டுக் காட்டுக்கு ஓடினார்கள். சொந்த நாட்டு ஊர் மேல் இந்திய அரசு விமானத்திலிருந்து குண்டு போட்டது அந்த ஒரு தடவைதான். விமானங்கள் ஆட்களையும் பொருட்களையும் இறக்கத்தான் போயின என்று அரசு தரப்பில் சொன்னார்கள். அடிபட்டவர்களிடம் இதைச் சொன்னால் எப்படி இருந்திருக்கும்?

அடுத்த வருஷம்தான் அந்தப் பெரியவர் சொன்ன 'கிராமம்' வந்தது. போராளிகளுக்குச் சோறு கிடைக்கக் கூடாது என்பதற்காக, ராணுவத்தினர் ஊர்களைக் காலி செய்து எரித்து, ஜனங்களைச் சாலையோரத்தில் வேலி போட்ட மையங்களுக்குள் கொண்டுவந்து அடைத்தார்கள். மலாயாவில் கம்யூனிஸ்ட் போராளிகளை அடக்க வெள்ளைக்காரன் செய்த அதே முறை. அதற்குப் பாதுகாக்கப்பட்ட, முன்னேறும் கிராமங்கள் என்று பெயர். ஐந்நூறுக்கும் மேற்பட்ட ஊர்கள் இப்படி இல்லாமல் போயின. நாங்களாகவே விரும்பித்தான் வந்தோம் என்று ஊர்ப் பெரியவர்களிடம் கையெழுத்து வாங்கிய கதையை, அங்கே அதிகாரியாக இருந்த விஜேந்திர சிங் ஜாஃபாவே பின்னாளில் எழுதியிருக்கிறார். பெரியவருக்கு அப்போது பத்து வயசு. புனம் இருந்த இடத்துக்கு அரை நாள் நடை என்றார். விடிந்த பிறகுதான் கேட் திறக்கும், இருட்டுவதற்குள் திரும்ப வேண்டும், போய்ச் சேர்ந்ததும் அப்பா வெயில் எங்கே நிற்கிறது என்றுதான் முதலில் பார்ப்பார், மண்வெட்டியை எடுக்க நேரமே இருக்காது. எலி இல்லாமலே இரண்டாவது தடவை பசி வந்தது என்றார்.

முன்னணிக்காரர்களை நான் புனிதர்களாக்கவில்லை. 1975 ஜனவரியில் ஐஸ்வால் போலீஸ் தலைமையகத்துக்குள் புகுந்து, கூட்டத்தில் உட்கார்ந்திருந்த மூன்று உயர் அதிகாரிகளைச் சுட்டுக் கொன்றார்கள். தங்கள் சொந்த ஜனங்களையே காட்டிக்கொடுத்தவன் என்று சொல்லிக் கொன்றிருக்கிறார்கள். ராணுவத்துக்கும் காட்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு இருபது வருஷம் தவித்த ஜனங்களைத்தான் நான் நினைக்கிறேன். பேசுங்கள், பேசுங்கள் என்று இரண்டு பக்கமும் போய்க் கெஞ்சியதில் அங்கிருந்த சர்ச்சுகளுக்குப் பெரிய பங்கு உண்டு.

சரி, எப்படி முடிந்தது? 1986 ஜூன் 30. அமைதி ஒப்பந்தத்தில் லால்டெங்காவே கையெழுத்துப் போட்டார், மறுபக்கம் மத்திய உள்துறைச் செயலர் ஆர்.டி. பிரதான். தனிநாடு கோரிக்கையை அவர்கள் விட்டார்கள். பதிலுக்கு முழு மாநிலம், அப்புறம் அரசியல் சட்டத்தில் 371ஜி என்ற பிரிவு. மிசோக்களின் சமயம், வழக்கம், நிலம் ஆகியவற்றைத் தொடும் எந்த நாடாளுமன்றச் சட்டமும் அவர்கள் சட்டமன்றம் ஏற்றுக்கொண்டால்தான் அங்கே செல்லும். இது வாய்வார்த்தை இல்லை, எழுதி வைத்த சட்டம். எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது இன்னொன்று. அப்போது முதலமைச்சராக இருந்த லால் தன்ஹாவ்லா, மக்கள் ஓட்டுப் போட்டு வந்தவர், நேற்றுவரை ஆயுதப் போராட்டம் நடத்திய லால்டெங்கா முதலமைச்சராவதற்காக நாற்காலியை விட்டு எழுந்து துணை முதலமைச்சராக உட்கார்ந்தார். எந்த ஊரில் எந்தக் கட்சிக்காரர் இதைச் செய்வார், சொல்லுங்கள். 1988இல் கட்சி உடைந்து லால்டெங்காவின் ஆட்சி கவிழ்ந்தது, அடுத்த தேர்தலில் அவர் கட்சி தோற்றது. யாரும் திரும்பக் காட்டுக்குப் போகவில்லை.

மிசோ ஒப்பந்தம் போட்ட இதே ராஜீவ் காந்தி அரசு 13 மாசம் கழித்து கொழும்பில் இன்னொரு ஒப்பந்தம் போட்டது. அது ராஜீவும் இலங்கை அதிபர் ஜெயவர்த்தனாவும் போட்டது, சண்டை போட்டுக்கொண்டிருந்த தமிழர் தரப்பின் கையெழுத்து அதில் கிடையாது. அது என்ன ஆனது என்று நம் வாசகர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அது வேறு நாடு, வேறு சிக்கல், ஒப்பிட முடியாதது நிறைய இருக்கிறது. ஆனாலும் யாருக்காகப் போடுகிறோமோ அவர்கள் மேஜையில் இருந்தார்களா இல்லையா என்பது என் மனசை விட்டுப் போகவில்லை.

மிசோரத்தைச் சொர்க்கம் என்று யாராவது எழுதினால் நான் ப்ரூ மக்களைப் பற்றிக் கேட்பேன். அந்த மாநிலத்துக்குள் அவர்கள் சிறுபான்மை. 1997இல் தங்களுக்கென்று ஒரு தன்னாட்சி மாவட்ட கவுன்சில் கேட்டார்கள், மிசோக்கள் ஒருகாலத்தில் கேட்டதைவிடச் சின்னக் கோரிக்கை. ஒரு வனக் காவலர் கொலையானார், கலவரம் மூண்டது, 30 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் திரிபுராவுக்கு ஓடி இருபது வருஷத்துக்கு மேல் முகாமில் கிடந்தார்கள். 2020இல் ஓர் ஒப்பந்தம் வந்தது, திரிபுராவிலேயே இருந்துகொள்ளலாம் என்று. கேட் மூடின கிராமத்தில் வளர்ந்த ஒரு தலைமுறை ஆண்ட ஊரில் இது நடந்தது. இதைப் பெரியவரிடம் கேட்டபோது மகள் மொழிபெயர்க்கத் தயங்கினார், கேட்ட பிறகு அவர் ரொம்ப நேரம் பேசவில்லை. "அதில் நாங்கள் தப்பு" என்று மட்டும் சொன்னார்.

குழுவில் அந்த வரியை எழுதியவருக்கு ஒன்றே ஒன்று சொல்கிறேன். 2007இல் மூங்கில் மறுபடியும் பூத்தது, கணக்குத் தவறாமல். அப்போது முதலமைச்சர் ஜோரம்தங்கா, காட்டில் லால்டெங்காவுக்கு வலதுகையாக இருந்தவர். இந்தத் தடவை வருஷக்கணக்கில் முன்னாலேயே திட்டம் போட்டார்கள், மத்திய அரசு பணம் கொடுத்தது, எலி பிடித்து வாலைக் கொண்டுவந்தால் காசு என்று அறிவித்தார்கள். நெல் போனது, கஷ்டம் இருந்தது, ஆனால் பழைய பஞ்சம் வரவில்லை. பெரியவர் அப்போது தன் பேரனோடு சேர்ந்து வால்களைக் கட்டுக் கட்டாகக் கட்டி எடுத்துப்போனாராம். அங்கிருந்த சர்க்கார் ஆள் ஒவ்வொன்றாக எண்ணி நோட்டில் எழுதிக்கொண்டதை, விரலை மடக்கி மடக்கிக் காட்டினார்.