பொல்டாவாவில் பனியா?

“சுவீடன் மன்னர் 12ஆம் சார்லஸைப் பொல்டாவாவில் தோற்கடித்தது ரஷ்யப் பனிதான்” என்று ஒரு பதிவு சுற்றுகிறது. தவறு. போர் நடந்தது 1709 ஜூலை 8, நல்ல கோடை. இடம் இன்றைய உக்ரைனில்.

முந்தைய குளிர்காலம் அவர் படையை வாட்டி எடுத்தது உண்மைதான். ஆனால் அதற்கு முன்பே, 1708 இலையுதிர்காலத்தில் லெஸ்னயாவில் ரஷ்யர்களுடன் நடந்த சண்டையில், அவருக்காகத் தளபதி லெவன்ஹாப்ட் கொண்டுவந்த உணவும் வெடிமருந்தும் வண்டி வண்டியாக நாசமாகிவிட்டன.

களத்தில் அவரைக் கவிழ்த்தவை ரஷ்யப் பேரரசர் பீட்டர் குறுக்கே கட்டிய மண் அரண்கள். சுவீடன் தளபதி ரூஸின் படைப்பிரிவு அவற்றில் மோதிச் சிதறி, தனித்துவிடப்பட்டுச் சரணடைந்தது. மன்னரோ சில நாள் முன்பு காலில் குண்டடி பட்டு, டோலியில் படுத்தபடி வந்திருந்தார்! அவருக்குப் பதிலாகப் படையை நடத்தியவர் தளபதி ரென்ஷோல்டு. மாலைக்குள் அவரும் கைதி. இதில் பனி எங்கே வந்தது?