அது தபாலகமாகக் கட்டப்பட்ட வீடல்ல

கொழும்பு புறக்கோட்டை பிரின்ஸ் வீதியில் பருத்த தூண்களோடு நிற்கும் பழைய கட்டடமான ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) கால நூதனசாலையின் படத்தைப் போட்டு, “ஆங்கிலேயர் தபால் நிலையமாகக் கட்டியது” என்று வாட்ஸ்அப்பில் பரப்புகிறார்கள். இது தவறு.

கொழும்பு ஆங்கிலேயர் கைக்கு வந்தது 1796இல். அதற்கு ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக்கு முன்பே இந்த வீடு இருந்தது. 1692 முதல் 1697 வரை ஒல்லாந்த ஆளுநராக இருந்த தோமஸ் வான் ரீ குடியிருந்த இல்லம் இது. தபாலகம் வந்ததெல்லாம் இருபதாம் நூற்றாண்டில்தான். இடையில் ஆசிரியர் பயிற்சிக்கூடம், அநாதை இல்லம், மருத்துவமனை, பொலிஸ் பயிற்சி நிலையம் என்று எத்தனையோ வேடங்கள்.

சந்தேகப்படுகிறவர்கள் ஒருமுறை உள்ளே போய்ப் பாருங்கள். வீதியில் நாட்டாமைகள் என்னும் சுமைதூக்கும் தொழிலாளர்கள் மூட்டை வண்டி தள்ளும் இரைச்சல், அந்தத் தடித்த சுவர்களைத் தாண்டியதும் அடங்கிவிடும். மேலே ஓட்டுக்கூரை, பின்னால் திறந்த முற்றம், அதில் ஒரு கிணறு. கடிதம் பிரிக்கும் இடத்துக்கு எதற்கு இத்தனையும்? குடும்பம் வாழ்வதற்கென்று அமைத்த வீடு என்பதை அந்த முற்றமே காட்டிக்கொடுக்கிறது.

1970களின் பிற்பகுதியில் தொடங்கிய திருத்த வேலை முடிந்து, 1982இல் ஒல்லாந்தர் கால நூதனசாலையாக அது திறக்கப்பட்டது. அந்தப் படம் உங்களுக்கு வந்தால், அனுப்பியவருக்கு இந்த விவரத்தையும் தயவுசெய்து அனுப்பிவையுங்கள்.