இரண்டாகப் பிரிந்தாலும் விழாதான்
மேகத்தீவு என்ற கற்பனை உலகத்தின் விழாவில் வானவாசிகள் மழை வேண்டி இரண்டு கட்சியாகப் பிரிந்து கயிறு இழுப்பது நம்பும்படி இல்லை, விழா என்றால் ஊரைச் சேர்க்கவேண்டும் என்று அந்தக் கதையைப் பற்றிய கட்டுரையில் கட்டுரையாளர் எழுதியிருப்பதை மட்டக்களப்பில் யாரும் ஏற்கமாட்டார்கள். எங்கட கொம்புமுறி விளையாட்டும் மழை பொய்த்தால், நோய் பரவினால் கண்ணகி அம்மனைக் குளிர்விக்க ஆடுவதுதான். ஊரே வடசேரி, தென்சேரி என்று இரண்டு கட்சியாகப் பிரியும். வளைந்த இரண்டு கொம்புகளை ஒன்றில் ஒன்று கொளுவி, கயிறு கட்டி, ஒன்று முறியும்வரை இழுப்பார்கள். அம்மம்மா தென்சேரி, அம்மப்பா வடசேரி. கொம்பு முறிந்த அன்று வீட்டுக்குள்ளேயும் நக்கல்தான் என்று அம்மம்மா சிரித்துச் சிரித்துச் சொல்லுவா. வென்ற சேரி தோற்ற சேரியைப் பழித்துப் பாட்டுப் படிக்கும். மேகத்தீவு விழாவில் எனக்குக் குறையாகப் பட்டது அந்தப் பாட்டு இல்லாததுதான். இழுத்து முடிந்ததும் எல்லாரும் வாய் திறக்காமல் கலைந்துபோகிறார்களாம். என்னால் நம்ப முடியாதது அதைத்தான்.