வட ஆற்காட்டை விட்டுவிட்டீர்களே

தேர்தல் வரலாறு பற்றிய உங்கள் தொடரில், முதல் பொதுத்தேர்தலில் வேட்பாளருக்கு ஒரு ஓட்டுப்பெட்டி, அதில் சின்னம் என்று முதல் தலைமைத் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் நடத்திக் காட்டியதை நன்றாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் எங்கும் காங்கிரஸ் அலை என்று ஒரே வரியில் முடித்தது சரியில்லை. எங்கள் வட ஆற்காட்டில் (இன்றைய வேலூர்ப் பக்கம்) மாணிக்கவேலு நாயக்கரின் காமன்வீல் கட்சி 1952இல் சென்னை சட்டசபைக்கு 6 பேரை அனுப்பியது. காங்கிரசுக்கு அந்தச் சட்டசபையில் பெரும்பான்மை இல்லை. ராஜாஜியை ஆதரித்து நாயக்கர் மந்திரியும் ஆனார். கூட்டணி பேரமெல்லாம் நேற்று வந்த வியாதி என்பவர்கள் இதைப் படிக்கணும்.

அப்புறம் 2019. ஓட்டுக்குக் கொடுக்க வைத்திருந்த பணம் பிடிபட்டு வேலூர் மக்களவைத் தேர்தலே ரத்து. டெல்லியில் புது ஆட்சி வந்தபிறகு, ஆகஸ்ட் 5இல்தான் நாங்கள் ஓட்டுப் போட்டோம். வித்தியாசம் 8,141 ஓட்டு. பணக் கவர் வாங்காதவர்களும்தான் அதுவரை எம்.பி. இல்லாமல் இருந்தோம். அடுத்த பகுதியில் இதையும் எழுதுங்கள்.