நாலு பொன்னாடை, எழுதினவவுக்கு ஒண்டுமில்லை

சனிக்கிழமை பாராட்டு மேடையில நடந்ததை எல்லாரும் நேரலையில பார்த்தீங்கதானே. நெல் ஈரம் பற்றின விவரணத்துக்கு நாலு பொன்னாடை: தொகுப்பாளர், கமராக்காரர், படத்தொகுப்பாளர், அனுசரணையாளர். அதின்ட பிரதியை எழுதினவவின் பேர் மேடையிலயும் இல்லை, நிகழ்ச்சி முடியிற இடத்தில ஓடின எழுத்திலயும் இல்லை. சோத்துப் பார்சல் தந்த கடைக்கு நன்றி ஓடினது.

ஒரு அண்ணன் கேட்கிறார்: "மைக்கை நீட்டினா விவசாயி பேசுவார், இதில எழுத என்ன கிடக்கு?"

சரி. விவசாயி பேசினார்: "ஈரம் எண்டு சொல்லி நெல்லின் நிறையில இஷ்டத்துக்கு வெட்டுறாங்க." வியாபாரியும் பேசினார்: "ஈர நெல்லை வாங்கி நான் நட்டப்படவா?" இரண்டையும் அப்படியே போட்டா அது சந்தைச் சண்டை. எழுதினவ கணக்குப் பார்த்தா. வெட்டுமெசினால வந்த நெல்லில ஈரம் 20 வீதம் எண்டா, 100 கிலோவில ஈரம் போக மிச்சம் 80 கிலோ. அரசாங்கத்துக்கு நெல் வாங்குற நெல் சந்தைப்படுத்தல் சபை கேட்கிற 14 வீதத்துக்குக் காய்ஞ்சா அது 93 கிலோவா நிக்கும். ஆக, ஈரத்துக்கு எண்டு வெட்டலாம் 100 கிலோவுக்கு 7 கிலோ. 70 கிலோ மூட்டைக்கு 5 கிலோவுக்குச் சற்றுக் குறைய. பதரும் காயவைக்கிற கூலியும் வேற கணக்கு, அதையும் தனியாத்தான் எழுதியிருந்தா. "அதுக்கு மேல வெட்டினா அது ஈரமில்லை" எண்ட வரிக்குக் கைதட்டினீங்களே, அது கமராவில விழுந்த வரியா?

இவ்வளவையும் மூண்டு நிமிசத்துக்குள்ள அடக்கோணும். செவ்விக்கும் மெசின் சத்தத்துக்கும் விட்டது போக, பின்னணிக் குரலுக்கு மிஞ்சினது 150 சொல் அளவு. ஏக்கரையும் ஹெக்டேயரையும் ஒரு இடத்தில மாறி எழுதினா விளைச்சல் இரண்டரை மடங்காகிடும். 2021 இரசாயன உரத்தடை பற்றிச் சொல்லக்குள்ள சிறுபோகப் படத்தை ஓடவிட்டா வவுணதீவில, சம்மாந்துறையில இருக்கிறவங்க சிரிப்பாங்க. பெரிய அடி விழுந்தது 2021/22 பெரும்போகத்தில.

கமராக்காரர் வெயிலில நிக்கல்லையா? நிண்டார். அவருக்குப் பொன்னாடை வேண்டாமெண்டு நான் சொல்லல்ல. இதைப் "பொறாமை" எண்டு கருத்துப் போட்டவருக்குப் பதில் இல்லை.

நுண்கடன் நிகழ்ச்சியும் அவ எழுதினதுதான். எடுத்த முழுத் தொகைக்கும் கடைசி வரை போடுற, வருசத்துக்கு 24 வீத நிலையான வட்டியில ஒரு லட்சம் எடுத்து, கிழமைக்குக் கிழமை கட்டினா, முதல் குறையக் குறைய உண்மை வட்டி 40 வீதத்தைத் தாண்டுது எண்டு விளங்கப்படுத்தினதும் அவதான். கடன் எடுத்த பெண்ணின் முகத்தை மறைச்சா மட்டும் போதாது, வாசல் படலை தெரிஞ்சாலே ஊர் கண்டுபிடிச்சிரும் எண்டு பிரதியில படக்குறிப்பு எழுதுற இடப்பக்கம் எழுதி வைச்சதும் அவதான். இதுக்கெல்லாம் கிடைக்கிறது பிரதிக்கு ஒரு தொகை. வயலில அலைஞ்ச நாளுக்குச் சம்பளம் இல்லை, பேரும் இல்லை. பேருக்குக் காசா போகுது?

இன்னொண்டு. பொன்னாடை போட்ட கையோட தொகுப்பாளர் மைக்கில சொன்னார்: "மூட்டைக்கு ஏழு கிலோ வெட்டலாம், அதுதான் நியாயம்." 100 கிலோவுக்கு எண்டு எழுதினதை மூட்டைக்கு எண்டு வாசிச்சிட்டார். மூட்டைக்கு இரண்டு கிலோ கூட. 100 மூட்டை குடுக்கிறவருக்கு 200 கிலோ நெல். திருத்தச் சொல்லி அவதான் சனி இரவே அழைப்பு எடுத்தவவாம். இன்னும் திருத்தல்ல.