மலை ஏறுமுன் அந்த ஓட்டாஞ்சில்லைப் பாருங்கள்

ஏதென்ஸுக்கு இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை 2017இல், ஜெர்மனிக்கு வேலைக்கு வந்த புதிதில், ஒரு பஸ் பேக்கேஜில். அடிவாரத்தில் இறக்கிவிட்டு, "ஒன்றரை மணி நேரத்தில் பஸ்ஸுக்கு வந்துவிடுங்கள்" என்றார்கள். கூட்டத்தோடு கூட்டமாக அக்ரோபோலிஸ் மலை மேல் ஏறினேன். சாரமும் கிரேனும் விழாத கோணமாகத் தேடித் தேடிப் படம் எடுத்தேன். இறங்கி வந்துவிட்டேன். அன்று இரவு அம்மா போனில் "என்னம்மா பாத்த?" என்று கேட்டபோது, "பெரிய பெரிய தூணும்மா, எல்லாம் இடிஞ்சு கிடக்கு" என்பதற்கு மேல் எனக்கு ஒன்றும் சொல்ல வரவில்லை. 2,400 வருடத்துக்கு முந்தைய ஊரைப் பார்த்துவிட்டு வந்தவளிடம் ஒரே ஒரு வரிதான் இருந்தது. அது பல நாள் உறுத்தியது.

போன அக்டோபரில் அப்பாவைக் கூட்டிக்கொண்டு மறுபடி போனேன். அப்பா அரியலூர்ப் பக்கம் நாற்பது வருடம் கட்டட வேலை பார்த்தவர். சித்தாளாகத் தொடங்கி, கொத்தனாராகி, மேஸ்திரியானவர். இந்த முறை ஒரு வழிகாட்டியை வைத்துக்கொண்டு முழுக்க நடந்தே பார்த்தோம். பேசி வைத்திருந்தது நாலு மணி நேரத்துக்கு. நடந்து முடித்தபோது ஐந்தரை மணி நேரம் ஆகியிருந்தது.

நம் ஆட்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். விமானத்துக்குச் செலவு செய்கிறோம், விடுதிக்குச் செலவு செய்கிறோம், வீட்டுக்கு வாங்கிப் போக பெட்டி பெட்டியாகச் செலவு செய்கிறோம். வழிகாட்டி என்றதும் மட்டும் "அதெல்லாம் எதுக்கு, கூகுள்ல இருக்கே" என்கிறோம். நானும் அப்படிச் சொன்னவள்தான். அதற்கு ஒரு காரணமும் இருக்கிறது. ஊரில் கோயில் வாசலில், கோட்டை வாசலில் பின்னாலேயே வந்து, வாய்க்கு வந்த கதையைச் சொல்லி, கடைசியில் தெரிந்தவர் கடைக்குள் கொண்டுபோய் விடும் ஆட்களைப் பார்த்துப் பார்த்து நமக்கு அந்த வார்த்தையிலேயே நம்பிக்கை போய்விட்டது. கிரீஸில் தொல்லியல் இடங்களுக்குள் கூட்டிப்போய் விளக்க அரசு உரிமம் வேண்டும். அதற்கென்று படித்துத் தேர்ச்சி பெற்றவர்களுக்குத்தான் அந்த அட்டை. எங்களோடு வந்த அம்மாவும் அதைக் கழுத்தில் மாட்டியிருந்தார். ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். வெயிலில் கறுத்த முகம், தேய்ந்த செருப்பு.

முதல் ஆச்சரியம், அவர் எங்களை மலைக்குக் கூட்டிப் போகவில்லை. கீழே அகோராவுக்குக் கூட்டிப் போனார். அகோரா என்றால் பழைய ஏதென்ஸின் சந்தைத் திடல். கடையும் அங்கேதான், கோர்ட்டும் அங்கேதான், ஊர்ச்சபை ஆட்கள் கூடுவதும் அங்கேதான். பார்த்தால் புல்லும் முள்ளும் அடித்தளக் கற்களும்தான். தனியாகப் போனால் பத்து நிமிடத்தில் வெளியே வந்துவிடுவோம். 1931இல் அமெரிக்கத் தொல்லியலாளர்கள் இங்கே தோண்டத் தொடங்கியபோது மேலே ஒரு முழுக் குடியிருப்பே இருந்ததாம். சுமார் 400 கட்டடங்களை வாங்கி இடித்துத்தான் இந்தத் திடலை வெளியே எடுத்திருக்கிறார்கள். அந்த வீட்டு ஜனங்கள் எங்கே போனார்களோ என்று அப்பா கேட்டார். வீடு கட்டியே வாழ்ந்தவருக்கு முதலில் அதுதான் தோன்றியது.

ஒரு மூலையில் முழங்கால் உயரத்துக்கு ஒரு கல். அதில் எழுதியிருப்பதை வழிகாட்டி படித்துச் சொன்னார்: "நான் அகோராவின் எல்லை." கல்லே தன்னைப் பற்றிப் பேசுகிறது. அதை ஒட்டி ஒரு சிறிய வீட்டின் அடித்தளம். அங்கே தோண்டியபோது செருப்பில் அடிக்கும் இரும்பு ஆணிகளும், வார் கோக்கும் எலும்பு வளையங்களும், அடியில் "சைமனுடையது" என்று கீறிய ஒரு கிண்ணத்தின் துண்டும் கிடைத்தன. சாக்ரடீஸ் போய் உட்கார்ந்து பேசுவார் என்று பழைய நூல்கள் சொல்லும் செருப்புத் தைப்பவரின் பெயரும் சைமன்தான். சிலைக்கும் தூணுக்கும் முன்னால் எனக்கு வராத சிலிர்ப்பு அந்தச் செருப்பு ஆணிக் கதையில் வந்தது. இந்த எட்டடி இடத்தில் ஒரு மனிதர் குனிந்து உட்கார்ந்து தோல் தைத்துக்கொண்டிருக்க, இன்னொருவர் எதிரே உட்கார்ந்து கேள்வி மேல் கேள்வி கேட்டுக்கொண்டிருந்திருக்கலாம்.

அப்புறம் அட்டலோஸ் மண்டபத்துக்குள் இருக்கும் அருங்காட்சியகம். கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் பெர்கமோன் அரசர் இரண்டாம் அட்டலோஸ் கட்டிக் கொடுத்த நீண்ட இரண்டடுக்கு மண்டபம். இப்போது நிற்பது 1950களில் பழைய அடித்தளத்தின் மேல் மறுபடி கட்டியது. இங்கேதான் அந்த ஓட்டாஞ்சில்லுகள் இருக்கின்றன.

உள்ளங்கை அகலத்தில் உடைந்த பானை ஓடு. கூர்மையான எதையோ வைத்துக் கீறிய எழுத்து, கோணல் மாணலாக. "தெமிஸ்டாக்ளிஸ், நியோக்ளிஸ் மகன்." நாம் இனிஷியல் போடுவது போல அப்பா பெயரையும் சேர்த்தே எழுதியிருக்கிறார்கள். இது ஒரு வாக்குச்சீட்டு. யாராவது ஒருவர் அளவுக்கு மீறி வளர்ந்து ஊருக்கே ஆபத்தாகிவிடுவார் என்று மக்களுக்குத் தோன்றினால், அவர் பெயரை ஓட்டில் கீறிப் போடுவார்கள். குறைந்தது 6,000 ஓடுகள் சேர வேண்டும். அதிகம் பேர் எழுதிய பெயருக்கு உரியவர் பத்து நாளுக்குள் ஊரை விட்டுப் போய்விட வேண்டும். பத்து வருடம் திரும்பி வரக் கூடாது. குற்றம் என்று எதுவும் சாட்டுவதில்லை, சொத்தையும் பிடுங்குவதில்லை. நமக்கு ஓடும் ஓட்டும் சொல்லில்தான் பக்கத்தில் இருக்கின்றன. அங்கே ஓடுதான் ஓட்டு.

கி.மு. 480இல் சலாமிஸ் கடற்போரில் பாரசீகக் கப்பற்படையை முறியடித்து ஏதென்ஸைக் காப்பாற்றியவர் இந்தத் தெமிஸ்டாக்ளிஸ். சுமார் பத்து வருடத்தில் அவரையே வெளியேற்றிவிட்டார்கள். அதோடு விடவில்லை வழிகாட்டி. அக்ரோபோலிஸின் வடக்குச் சரிவில் ஒரு கிணற்றிலிருந்து தெமிஸ்டாக்ளிஸ் பெயர் எழுதிய 190 ஓடுகளை 1930களில் எடுத்தார்களாம். எழுத்தை ஒப்பிட்டுப் பார்த்தால், அத்தனையும் எழுதியது வெறும் 14 பேரின் கைகள்! யாரோ முன்கூட்டியே உட்கார்ந்து எழுதிக் குவித்து, வருகிறவர்களுக்கு விநியோகிக்கத் தயாராக வைத்திருக்கிறார்கள். அப்பாவுக்கு நான் தமிழில் சொன்னதும் "பூத் சிலிப்பா?" என்றார். அதை நான் ஆங்கிலத்தில் சொல்ல, வழிகாட்டி அம்மா ஒரு நொடி யோசித்து, தன் நோட்டுப் புத்தகத்தை எடுத்துக் குறித்துக்கொண்டார்.

நம்மூரிலும் கீழடியிலும் கொடுமணலிலும் ஓடுகளில் ஆதன் போன்ற பெயர்கள் கீறிக் கிடைத்திருக்கின்றன. அவை என் பானை, என் பெயர் என்று எழுதியவை போலத் தோன்றும். இங்கேயோ அடுத்தவர் பெயரைக் கீறியிருக்கிறார்கள். இரண்டையும் நினைத்துக்கொண்டு அந்தக் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் வெகுநேரம் நின்றேன்.

பக்கத்திலேயே கோர்ட்டில் பேச்சுக்கு நேரம் அளந்த மண்பானை இருக்கிறது. மேல் பானையிலிருந்து கீழ்ப் பானைக்குத் தண்ணீர் வடிய சுமார் ஆறு நிமிடம். அதற்குள் வாதத்தை முடித்துக்கொள்ள வேண்டும். குழந்தையை உட்கார வைக்கும் மண் கழிப்பு நாற்காலி ஒன்றும் இருக்கிறது. அதில் ஒரு குழந்தை எப்படி உட்கார்ந்திருக்கும் என்று படத்தோடு காட்டியிருக்கிறார்கள். இதையெல்லாம் பார்த்த பிறகுதான் அங்கிருந்து புறப்பட்டு, அந்தக் காலத்தில் விழா ஊர்வலம் போன அதே பாதையில் மலை ஏறினோம். வரிசை இப்படித்தான் இருக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். முதலில் ஊர் ஜனங்கள், அப்புறம் அவர்கள் கட்டிய கோயில். 2017இல் நேராக மேலே போய் நின்றபோது அது வெறும் கல்லாகத் தெரிந்ததற்குக் காரணம், அதைக் கட்டியவர்கள் ஒருவரைக்கூட எனக்குத் தெரியாது என்பதுதான்.

மலை மேலிருக்கும் ஏதெனா தேவியின் பெரிய கோயிலான பார்த்தினானுக்கு முன்னால் அப்பா வெகுநேரம் பேசவே இல்லை. கி.மு. 447இல் வேலையைத் தொடங்கி, 438இல் தெய்வத்தை வைத்து, 432க்குள் சிற்ப வேலைகளையும் முடித்துவிட்டார்கள். மொத்தம் 15 வருடம். சுமார் 16 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் பெண்டெலிகான் மலையிலிருந்து வந்த பளிங்கு. வழிகாட்டி எங்களை ஒரு மூலையில் நிறுத்தி, படியின் நீளவாக்கில் பார்க்கச் சொன்னார். அப்பா மட்டம் பார்க்கிறவர் போலக் குனிந்து ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். நிமிர்ந்து, "நடுவுல தூக்கியிருக்கும்மா. நூல் புடிச்சுப் பாத்தா தெரிஞ்சுடும்" என்றார். உண்மைதான். 69 மீட்டருக்கு மேல் நீளமான பக்கத்தில் நடுப்பகுதி ஓரங்களை விட சுமார் 11 சென்டிமீட்டர் உயரம். வேண்டுமென்றே செய்தது. தூண்களும் நேராக இல்லை, உள்பக்கமாக லேசாகச் சாய்ந்திருக்கின்றன, நடுவில் மெல்லப் பருத்திருக்கின்றன. தூக்குக் குண்டு போட்டே வாழ்ந்த மனிதர், இதை இப்படிச் சாய்த்து நிறுத்த என்ன கணக்குப் போட்டிருப்பார்கள் என்று தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார்.

அப்புறம் அவர் கண் கல்லின் இணைப்பில் விழுந்தது. கீழே அடுக்கி வைத்திருந்த ஒரு பழைய கல்லின் மேல்புறத்தில் பள்ளம் வெட்டியிருந்தது. கலவை இல்லாமல் கல்லோடு கல்லை இழுத்துப் பிடிக்கும் இரும்புக் கவ்விக்கான பள்ளம் அது என்றார் வழிகாட்டி. "ஏம்மா, இரும்ப கல்லுக்குள்ள வச்சா துரு புடிச்சு உப்பி, கல்லப் பொளந்துடுமே. வீட்டுக் கூரையில கம்பி உப்பி கான்கிரீட்டத் தள்ளுதில்ல, அது மாதிரி. அந்தம்மாகிட்ட கேளு" என்றார்.

கேட்டேன். அந்த அம்மாவின் முகம் மலர்ந்ததை என்னால் மறக்க முடியாது. பழைய கிரேக்கர்களுக்கு அது தெரிந்திருந்தது, அதனால் கவ்வியைச் சுற்றி உருக்கிய ஈயத்தை வார்த்தார்கள், காற்றும் தண்ணீரும் இரும்பைத் தொடாது என்றார். 1898க்குப் பிறகு பல வருடம் இங்கே பழுது பார்த்தவர்கள் அந்தப் பாதுகாப்பு இல்லாமல் இரும்பை வைத்துக் கட்டினார்கள். அது துருப்பிடித்து உப்பி, ஆயிரக்கணக்கான வருடம் தாங்கிய பளிங்கைப் பிளந்துவிட்டது. 1975இல் அமைத்த குழு அந்த இரும்பையெல்லாம் எடுத்துவிட்டு துருப்பிடிக்காத டைட்டானியம் வைத்து, அதே மலையின் புதுப் பளிங்கைக் கொண்டு பொருத்திவருகிறது. அங்கங்கே வெள்ளையாகத் தெரிவது அந்தப் புதுக் கல். முதல் பயணத்தில் என் படங்களில் விழக் கூடாது என்று நான் ஒதுங்கி ஒதுங்கிப் போன சாரமும் கிரேனும் இந்த வேலைக்காகத்தான் நின்றன.

இந்தக் கேள்வியை எந்த ஆடியோ கருவியிடம் கேட்பது? போனில் தேட வேண்டும் என்றால்கூட என்ன தேடுவது என்று தெரிந்திருக்க வேண்டும். அப்பா படித்தது எட்டாம் வகுப்பு. ஆனால் அந்த மலை மேல் அன்று வந்தவர்களில் கல்லைப் பற்றி அவரளவுக்குத் தெரிந்தவர்கள் குறைவாகத்தான் இருந்திருப்பார்கள். அதை வெளியே கொண்டுவர எதிரில் ஒரு மனிதர் தேவைப்பட்டார்.

கோயில் இப்படி உடைந்து கிடப்பது காலத்தால் என்றே நான் நினைத்திருந்தேன். அப்படியில்லை. தேவாலயமாகவும் பிறகு மசூதியாகவும் மாறி, 1687 வரை பெருமளவு முழுதாகவே நின்றது. அந்த வருடம் செப்டம்பர் 26 அன்று, அப்போது ஊரை ஆண்ட ஒட்டோமான் துருக்கியர்கள் உள்ளே வெடிமருந்தைக் குவித்து வைத்திருந்தபோது, வெனிஸ் படை சுட்ட குண்டு விழுந்து நடுப்பகுதி வெடித்துச் சிதறியது.

மிஞ்சிய சிற்பங்களில் சுமார் பாதியை 1801 முதல் பிரிட்டிஷ் தூதர் எல்ஜின் பிரபுவின் ஆட்கள் பெயர்த்து எடுத்துப் போனார்கள். 1816இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் விலை கொடுத்து வாங்கியது. கீழே அக்ரோபோலிஸ் அருங்காட்சியகத்தின் மேல்தளம் கோயில் பார்க்கும் அதே திசையில் திரும்பி நிற்கிறது, கண்ணாடிக்கு வெளியே கோயில் தெரிகிறது. அசல் சிற்பம் தேன் நிறம். லண்டனில் இருப்பவற்றுக்குப் பதிலாக வைத்த அச்சு நகல்கள் வெள்ளை. ஒரே குதிரை வரிசையில் பாதி தேன் நிறம், பாதி வெள்ளை. வேறொரு தளத்தில், அதே மலையில் உள்ள எரெக்தியான் கோயிலில் கூரை தாங்கி நின்ற ஆறு பெண் சிலைகளில் ஐந்து நிற்கின்றன. ஆறாவது லண்டனில் இருக்கிறது. அதற்கான இடத்தைக் காலியாகவே விட்டிருக்கிறார்கள். வழிகாட்டி அந்த இடத்தைக் கையால் காட்டினார். விளக்கம் எதுவும் சொல்லவில்லை.

அப்பாவுக்கு நான் விஷயத்தைச் சொன்னேன். "ஸ்ரீபுரந்தான் நடராசர் மாதிரி" என்றார். எங்கள் மாவட்டத்துச் சாமி. திருடுபோய் ஆஸ்திரேலியாவில் அரசு அருங்காட்சியகத்தில் நின்று, 2014இல் திரும்பி வந்தவர். அதை மொழிபெயர்த்துச் சொன்னபோது அந்த அம்மா அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டார். லண்டன் அதைத் திருப்பித் தர வேண்டும். பத்திரமாகப் பார்த்துக்கொண்டோம், உலகமே வந்து பார்க்கிறது என்ற பேச்செல்லாம் அந்தக் காலி இடத்துக்கு முன்னால் நின்றால் எடுபடாது. வத்திக்கான் தன்னிடமிருந்த பார்த்தினான் சிற்பங்களின் மூன்று துண்டுகளை 2023இல் கொடுத்துவிட்டது. கொடுக்க முடியும்.

போகிறவர்களுக்கு இரண்டு நடைமுறை விஷயம். 2023 செப்டம்பரிலிருந்து அக்ரோபோலிஸில் ஒரு நாளைக்கு 20,000 பேர்தான், மணிக்கு மணி நேரம் ஒதுக்கித்தான் டிக்கெட். முன்பே எடுத்துவிடுங்கள். ஜூலை, ஆகஸ்டில் பெரியவர்களைக் கூட்டிப் போகாதீர்கள், வெயில் தாங்காமல் மதிய நேரத்தில் மலையையே மூடிய நாட்கள் உண்டு. காலுக்குப் பிடிமானமுள்ள ஷூ வேண்டும், அங்கே பாறை தேய்ந்து தேய்ந்து கண்ணாடியாய் வழுக்கும்.

அன்று ராத்திரி விடுதியில் அப்பா தூங்கவில்லை. சாப்பாட்டு பில்லின் பின்பக்கத்தில் இரண்டு கல்லை வரைந்து, நடுவே கவ்வியை வரைந்து, ஈயம் வார்க்கும் இடத்துக்கு அம்புக்குறி போட்டுக்கொண்டிருந்தார். "நம்ம செல்வராசுக்கு போட்டோ புடிச்சு அனுப்பும்மா" என்றார். அவரோடு முப்பது வருடம் வேலை பார்த்த கொத்தனார். அனுப்பினேன். ஊரில் விடிந்திருக்கவில்லை, ஆனாலும் அடுத்த நிமிடமே போன் வந்துவிட்டது. ஒரு மணி நேரம் பேசினார்கள், ஈயத்தை எந்தப் பக்கத்திலிருந்து ஊற்றியிருப்பார்கள் என்று.