அஸ்வினுக்குத் திமிர் என்று சொல்கிறவர்களுக்கு

அஸ்வின் பேச்சு வந்தாலே எங்கள் ஆபீஸில் யாராவது ஒருவர், "நல்ல பௌலர்தான், ஆனா திமிர் ஜாஸ்தி" என்று சொல்லிவிடுகிறார். நேற்றும் அதேதான். எனக்கு மனசே ஆறவில்லை.

முதலில் இழுப்பது 2019 மார்ச்சில் ஜெய்ப்பூர் ஐபிஎல் ஆட்டத்தில் எதிர்முனையில் நின்ற இங்கிலாந்து பேட்ஸ்மேன் பட்லரை ரன் அவுட் செய்ததைத்தான். பந்தைப் போடாமல், அவர் கோட்டை விட்டு வெளியே போகும் வரை வேண்டுமென்றே காத்திருந்து பெயிலைத் தட்டினார் என்பார்கள். இருக்கட்டும். பௌலரின் கால் ஒரு விரற்கடை கோட்டைத் தாண்டினால் நோ பால், போதாததற்கு ஃப்ரீ ஹிட் வேறு. பந்து கையை விட்டுப் போகும் முன்பே எதிர்முனைக்காரர் ஓடத் தொடங்கினால் மட்டும் அது ஏன் தப்பே இல்லை? இதைத்தானே அவர் கேட்டார்! அன்று அவரைத் திட்டாத ஆளில்லை. அவர் மன்னிப்பும் கேட்கவில்லை, மழுப்பவும் இல்லை. 2022 அக்டோபரில், கிரிக்கெட் விதிகளை வகுக்கும் எம்சிசி அந்த அவுட்டை 'நியாயமற்ற ஆட்டம்' பிரிவிலிருந்து எடுத்து, ரன் அவுட் விதியிலேயே சேர்த்துவிட்டது. திட்டியவர்கள் யாரும் அதன் பிறகு அவரிடம் வந்து ஒரு வார்த்தை சொன்னதாக நான் கேள்விப்படவில்லை.

மேற்கு மாம்பலத் தெருவில் ஆடி வளர்ந்தவர் அவர். நம்மூர் டென்னிஸ் பந்து ஆட்டத்தில் விரலால் சுண்டிப் போடும் சொடக்குப் பந்தை டெஸ்ட் வரைக்கும் கொண்டுபோனார். தெருவில் ஆடியவர்களுக்குத் தெரியும், அங்கே கேள்வி கேட்காதவனுக்கு பேட்டிங்கே வராது.

உட்கார வைத்ததும் நடந்தது. 2021-ல் இங்கிலாந்து போய் ஆடிய தொடரில், அந்த ஆண்டு இந்தியா ஆடிய நான்கு டெஸ்டிலும் வெளியேதான் இருந்தார். 2023-ல் ஓவலில் நடந்த உலக டெஸ்ட் சாம்பியன்ஷிப் இறுதிப் போட்டியின்போது டெஸ்ட் பௌலர் தரவரிசையில் முதலிடம். எதிரணியில் அவர் சுழலுக்குத் தோதான இடதுகைக்காரர்கள் நிறைய. அப்படியும் எடுக்கவில்லை. எனக்கு இன்றும் அது ஆறாத கோபம்.

2024 டிசம்பர் 18, பிரிஸ்பேன். ஆஸ்திரேலியத் தொடரின் நடுவிலேயே சர்வதேச ஆட்டம் போதும் என்று சொல்லிவிட்டு மறுநாளே சென்னை வந்துவிட்டார். 106 டெஸ்ட், 537 விக்கெட். இதையும் திமிர் என்றார்கள்.

அதற்கு மூன்று மாதம் முன்புதான் சேப்பாக்கத்தில் அப்பாவோடு உட்கார்ந்து பார்த்தேன். வங்கதேசத்துக்கு எதிராக இந்தியாவுக்கு 144க்கு 6 விக்கெட் போயிருந்தது. இரண்டு நாளைக்கு முன்புதான் 38 வயது முடிந்திருந்தது அவருக்கு. ஜடேஜாவோடு நின்று சாயங்காலத்துக்குள் சதம் அடித்தார். மொத்தம் 113. அப்புறம் இரண்டாவது இன்னிங்ஸில் 6 விக்கெட். அந்தச் சதத்துக்கு முழங்கால் வலியோடு அப்பா எழுந்து நின்றவர், ஓவர் முடியும் வரை உட்காரவே இல்லை.